கிராணிக் கணக்கு

இகோர் ஜெலெஸோவ்ஸ்கி என்ற பெயரைக் கேட்டால் மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் தலையாட்டக்கூடியவர்கள் இரண்டு பேர்தான் இருப்போம். ஒருவன் நான். இன்னொருவர் என் தாய்மாமா. அவர் வாயில் அது ‘ஜெல்லாஸ்கி’. பெலாரஸின் ஓர்ஷாவில் பிறந்த அந்த மனிதர், கத்தி பூட்டிய காலணியோடு ஐஸில் குறுந்தூரம் ஓடுகிறவர்களுக்கான உலக ஸ்பிரிண்ட் சாம்பியன்ஷிப்பை ஆறு முறை வென்றவர். 1985, 86, 89, 91, 92, 93. ஆண்களில் வேறு யாரும் ஆறைத் தொட்டதில்லை. ஆனால் ஒலிம்பிக்கில் அவருக்குக் கிடைத்தது 1988-ல் கால்கரியில் ஒரு வெண்கலம், 1994-ல் லில்லஹாமரில் ஒரு வெள்ளி, அவ்வளவுதான். “தங்கம் இல்லாதவன் எப்படிடா பெரிய ஆளு?” என்பது மாமாவின் கேள்வி. ஆறு உலகப் பட்டம் வாங்கியவனுக்கு ஒரு நாள் தங்கம் எதற்கு என்பது என் கட்சி. இந்த வழக்கு எங்கள் குடும்பத்தில் பல வருடமாக இழுத்துக்கொண்டு கிடக்கிறது. அத்தைக்கு இரண்டு பேர் மேலும் கோபம்.

ஐஸ் என்றால் கச்சாங்கும் சிரப்பும் ஊற்றிய கிண்ணம்தான் நினைவுக்கு வரும் ஊர் இது. பால்மரம் போய் செம்பனை வந்தது, லயத்து வீடுகள் காலியாகி எல்லாரும் தாமான் என்கிற புதுக் குடியிருப்பு வீடுகளுக்குப் போனார்கள், வெயில் மட்டும் அப்படியே இருக்கிறது. இங்கே உட்கார்ந்துகொண்டு ஐஸ் ஓட்டத்துக்காகச் சண்டை போடுவது வெளியாருக்கு வேடிக்கையாக இருக்கும். மாமா பால்மரம் வெட்டியவர், பிறகு வேலையாட்களை மேற்பார்க்கும் மண்டோராகி ஓய்வு பெற்றவர். விடிகாலை ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்கு எழுந்து பழகிய உடம்பு, வேலை நின்ற பிறகும் விடியுமுன் எழுந்துகொள்ளும். அந்த நேரத்தில் தொலைக்காட்சியில் எந்த நாட்டில் எது ஓடுகிறதோ அதைப் பார்ப்பார். அப்படித்தான் ஸ்பீட் ஸ்கேட்டிங் எங்கள் வீட்டுக்குள் வந்தது. நான் ஒரு தோட்ட ஆபீசில் கிராணி, அதாவது கணக்கெழுதுகிறவன். செக்ரோல் என்கிற ஆள் வருகைப் புத்தகம் எழுதுவது, குலைக் கணக்கு, உதிரிப் பழ மூட்டைகளின் எடை, மாதக் கடைசியில் எல்லாவற்றையும் கூட்டுவது. இதை ஏன் சொல்கிறேன் என்றால், மாமா என்னைத் தோற்கடிக்க எப்போதும் எடுக்கும் ஆயுதம் அதுதான். “நாலு ஓட்டத்தக் கூட்டி வகுத்துப் பாக்குறது கிராணி வேல. ஓடுறவன் வேல இல்ல.”

இரண்டு நாள், நான்கு ஓட்டம்

அந்தச் சாம்பியன்ஷிப்பின் முறை அப்படித்தான் இருக்கிறது, என்ன செய்வது. 1970-ல் அமெரிக்காவின் மில்வாக்கி பக்கம் முதன்முதலாக நடத்தினார்கள், சோவியத்தின் வலேரி முராட்டோவ் வென்றார். முதல் நாள் ஒரு 500 மீட்டர், ஒரு 1000 மீட்டர். மறுநாள் திரும்பவும் அதே இரண்டு. 500 மீட்டர் ஓடிய நொடிகள் அப்படியே புள்ளி. 1000 மீட்டர் ஓடிய நொடிகளில் பாதி புள்ளி. 35 நொடியில் 500 மீட்டரையும் 1 நிமிடம் 10 நொடியில் 1000 மீட்டரையும் முடித்தவனுக்கு அன்றைக்கு 70 புள்ளி. இரண்டு நாளும் சேர்த்து யாருடைய கூட்டுத்தொகை குறைவோ அவனுக்குப் பட்டம். நான்கில் ஒன்றில்கூட முதலாவதாக வராமல் பட்டம் வாங்கிவிட முடியும். மாமாவுக்கு வயிற்றெரிச்சல் அங்கேதான்.

கூட்டுத்தொகையில் ஒரு நியாயம் இருக்கிறது என்று நான் சொல்வது தடத்தை வைத்து. ஐஸ் வட்டத்தில் ஒரு நேரத்தில் இரண்டு பேர் ஓடுவார்கள், ஒருவர் உள் தடம், ஒருவர் வெளித் தடம். எதிர்ப்பக்க நேர்கோட்டில் தடம் மாற்றிக்கொள்வார்கள். 500 மீட்டரில் வெளியே தொடங்குகிறவனுக்குக் கடைசி வளைவு உள் தடத்தில் வரும். மணிக்கு ஐம்பது கிலோமீட்டருக்கு மேல் பறந்துகொண்டிருக்கும்போது அந்தக் குறுகிய வளைவைப் பிடிப்பது லேசில்லை, உடம்பு வெளியே இழுபடும், கால் நழுவும். நார்வேயைச் சேர்ந்த புள்ளியியல் அறிஞர் நில்ஸ் லிட் ஹியோர்ட் பழைய முடிவுகளை எடுத்துக் கணக்குப் போட்டு, உள் தடத்தில் தொடங்குகிறவனுக்குச் சுமார் 0.05 நொடி சாதகம் இருப்பதாகச் சொன்னார். ஸ்பிரிண்ட் சாம்பியன்ஷிப்பில் ஒவ்வொருவனும் ஒரு முறை உள்ளே, ஒரு முறை வெளியே தொடங்க வேண்டும் என்பதால் அது சரிக்குச் சரியாகிவிடும். ஒலிம்பிக்கில் அந்தக் காலத்தில் ஒரே ஓட்டம், தடம் குலுக்கலில் விழுவது. பிறகு 1998 நகானோ தொடங்கி 2014 சோச்சி வரை ஒலிம்பிக்கிலும் 500 மீட்டரை இரண்டு முறை ஓடவைத்தார்கள். 2018-ல் மறுபடியும் ஒன்றாக்கிவிட்டார்கள். ஒத்துக்கொண்டு, பின் மறுத்ததுபோல்தான் எனக்குப் படுகிறது. பார்க்கிறவர்களுக்கு விறுவிறுப்பு வேண்டும் போல.

கூட்டுத்தொகையில் சாதனை எண்களும் உண்டு. கனடாவின் ஜெரமி வொதர்ஸ்பூன் 2003-ல் கால்கரியில் 137.230 எடுத்தார். 2017-ல் அதே கால்கரியில் நெதர்லாந்தின் காய் ஃபெர்பெய் 136.065. வகுத்துப் பார்த்தால் ஒவ்வொரு 500 மீட்டருக்கும் 34 நொடிதான் வருகிறது, அதுவும் 1000 மீட்டர்களையும் சேர்த்து. ஆனால் இந்த எண்களை நான் பெரிதாக நம்புவதில்லை. கால்கரி கடல்மட்டத்திலிருந்து ஆயிரம் மீட்டருக்கு மேலே இருக்கிறது, சால்ட் லேக் சிட்டி அதைவிட உயரம். காற்று மெலிந்திருப்பதால் உடம்பைத் தடுப்பது குறைவு, குறுந்தூரச் சாதனையெல்லாம் அந்த இரண்டு மண்டபங்களிலேயே விழுகிறது. 500 மீட்டரை 34 நொடிக்குள் முதலில் முடித்த ரஷ்யாவின் பாவெல் குலிஸ்னிகோவ் 2015-ல் 33.98 எடுத்ததும் சால்ட் லேக்கில்தான். ஆக எண்ணில் பாதி ஊருக்குச் சொந்தம். பட்டம் அப்படியல்ல. ஜெலெஸோவ்ஸ்கி ஹெரென்வீன், கருய்சாவா, இன்செல், ஒஸ்லோ, இகாஹோ என்று வெவ்வேறு ஐஸில், வெவ்வேறு குளிரில் வாங்கினார்.

சீனப் பெருநாள் காலை

2010 வான்கூவர் ஒலிம்பிக்கின் 500 மீட்டர் நடந்தபோது இங்கே சீனப் பெருநாள் விடுமுறை. கனடாவில் பிற்பகல், நமக்கு மறுநாள் காலை. பசியாறிவிட்டு மாமா வீட்டுக்குப் போனேன். வெளியே பட்டாசு, உள்ளே ஐஸ். அன்றைக்கு நான் கொடி பிடித்தது தென்கொரியாவின் லீ கியூ ஹ்யுக்குக்கு. பதினைந்து வயதில் லில்லஹாமருக்குப் போனவர், வான்கூவர் அவருக்கு ஐந்தாவது ஒலிம்பிக். நான்கு போயும் ஒரு பதக்கம் இல்லை. 2006 டூரினில் 1000 மீட்டரில் நான்காவது, வெண்கலத்துக்கு 0.05 நொடி குறைவு. ஆனால் 2007, 2008 ஸ்பிரிண்ட் பட்டங்கள் அவருடையவை, வான்கூவருக்கு ஒரு மாதம் முன்னால் ஜப்பானின் ஒபிஹிரோவில் மூன்றாவதையும் வாங்கியிருந்தார். இன்றைக்கு இவர் ஜெயித்தால் என் வழக்கும் ஜெயித்தது என்று மாமாவிடம் முன்கூட்டியே சொல்லிவைத்தேன்.

முதல் சுற்று பாதி ஓடியிருக்கும், ஐஸைச் சமன் செய்யும் வண்டி மக்கர் செய்துவிட்டது. சுற்றுச்சூழலுக்கு நல்லது என்று கொண்டுவந்த மின்சார வண்டி. ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆட்டம் நின்றது. ஓட்டக்காரர்கள் இறுக்கமான உடையில் சைக்கிள் மிதித்துக்கொண்டும் கால் நீட்டிக்கொண்டும் காத்திருந்தார்கள். எங்களுக்கு வேறு வேலை இல்லை, வழக்கு முழு வேகத்தில் நடந்தது. அத்தை முறுக்குத் தட்டை வைத்துவிட்டுக் கோயிலுக்குக் கிளம்பிவிட்டார்.

கடைசியில் ஜெயித்தது கொரியாதான், ஆனால் லீ இல்லை. மோ டே பும் என்ற பையன், அன்றைக்கு அவனுக்கு இருபத்தொன்றாவது பிறந்தநாள். ஜப்பானின் நாகாஷிமா வெள்ளி, கட்டோ வெண்கலம். நான்கு முறை ஸ்பிரிண்ட் உலகப் பட்டம் வாங்கிய வொதர்ஸ்பூன் தன் சொந்த நாட்டு மக்கள் முன்னால் ஒன்பதாவது. லீ பதினைந்தாவது. “பாத்தியா ஒஞ் சாம்பியன” என்றார் மாமா. தடம் சரியில்லை என்று சொல்லவும் வழியில்லை, ஏனென்றால் வான்கூவரில் இரண்டு முறை ஓடவிட்டார்கள். வண்டி கெட்டுப்போனதால் கால் ஆறிவிட்டது என்று இழுத்துப் பார்த்தேன். “அந்தப் பையனுக்கும் அதே வண்டிதானடா.”

ஆனால் அன்றைக்கு என்னை யோசிக்கவைத்தது அந்தத் தோல்வி இல்லை, வண்டிக்காகக் காத்திருந்தபோது மாமா கேட்ட கேள்வி. நான் புள்ளிக் கணக்கைத் திரும்ப விளக்கிக்கொண்டிருந்தேன். எங்கள் ஆபீஸ் புத்தகத்தை உதாரணம் காட்டினேன். மழை நாளில் குலை குறையும், வெயில் நாளில் கூடும், மாதக் கடைசியில் கூட்டினால்தான் யார் நல்ல வேலைக்காரன் என்று தெரியும், அதுபோலத்தான் இதுவும் என்றேன். மாமா கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, “நாலுல ஒண்ணுல விழுந்துட்டா?” என்றார்.

“போச்சு மாமா.”

“மத்த மூணுலயும் மொதலா வந்தாலும்?”

“போச்சு. எழுந்து ஓடி முடிக்கிறதுக்குள்ள பத்து இருபது நொடி போயிடும். இவங்களுக்குள்ள வித்தியாசமே அர நொடி, ஒரு நொடிதான்.”

“அப்ப மழ நாள வெயில் நாள் ஈடு கட்டும்னு சொன்னியே, அது இங்க இல்லையே. இது கூட்டுக் கணக்கு இல்லடா. நாலு தடவ அதே ஒரே நாள் ஓட்டம்.”

என்னைச் சாய்க்கத்தான் அவர் அதைச் சொன்னார். எனக்கு வாதம் கிடைத்துவிட்டது. அதுவரை நான் ஸ்பிரிண்ட் சாம்பியன்ஷிப்பை ஒரு சாந்தமான, பொறுமையான அளவுகோல் என்று பேசிவந்தேன், ஒரு நாள் சறுக்கினாலும் தாங்கிக்கொள்ளும் ஏற்பாடு என்று. அது அப்படியே தலைகீழ். ஒலிம்பிக்கில் 500 மீட்டரில் விழுந்தவனுக்கு 1000 மீட்டர் என்று வேறொரு பதக்கம், வேறொரு நாள் இருக்கிறது. ஸ்பிரிண்ட் பட்டத்தில் ஒன்றைத் தவறவிட்டால் எல்லாம் தவறும். ஆபீஸ் புத்தகத்தைக் காட்டி நான் செய்த வியாக்கியானத்தால் ஜெலெஸோவ்ஸ்கிக்குக் குறைச்சல்தான் சேர்ந்தது. ஆறு பட்டத்துக்கு இருபத்துநான்கு ஓட்டம். அத்தனையிலும் விழாமல், பயந்து வேகத்தைக் குறைக்கவும் செய்யாமல் ஓடியிருக்கிறார். குறைத்தாலும் பட்டம் போய்விடும், அதுதான் இதன் கொடுமை.

வொதர்ஸ்பூனை இந்தக் கணக்கில் வைத்துப் பாருங்கள். 2002 ஜனவரியில் ஹாமரில் நான்கு ஓட்டத்தையும் முடித்து உலகப் பட்டம் வாங்குகிறார். அடுத்த மாதம் சால்ட் லேக் ஒலிம்பிக், 500 மீட்டர், துப்பாக்கி வெடித்த சில அடிகளிலேயே காலணிக் கத்தியின் முனை குத்தி விழுகிறார். அமெரிக்காவின் கேசி ஃபிட்ஸ்ராண்டால்ஃப் தங்கம் வாங்கினார். உலகக் கோப்பையில் அறுபதுக்கும் மேற்பட்ட ஓட்டங்களில் வென்றவருக்கு ஒலிம்பிக்கில் மிச்சம் 1998-ன் ஒரு வெள்ளி மட்டும்.

ஒரு தெர்மோஸ் போத்தல்

மாமா ஏன் ஒலிம்பிக் கட்சி என்பது எனக்கு ரொம்ப நாள் புரியவில்லை. நியாயமாக அவர் என் பக்கம் இருக்க வேண்டும். வருடம் முழுக்க விடியலில் மரம் வெட்டிய ஆள், ஒரு நாள் பளிச்சென்று வேலை செய்தவனை மெச்சுகிற ரகம் இல்லை. மண்டோராக இருந்தபோது ‘நேத்து நல்லா வெட்டுனேனே’ என்று சொன்னவனிடம் ‘இன்னிக்கு?’ என்று கேட்டவர்.

விஷயம் வேறு. தோட்டங்களுக்கு இடையே விளையாட்டுப் போட்டி நடந்த காலம் ஒன்று இருந்தது. துரை வந்து நாற்காலியில் உட்காருவார், திடலைச் சுற்றிச் சுண்ணாம்புக் கோடு, சர்பத், பக்கத்துத் தோட்டத்து ஆட்கள் லாரியில் வந்து இறங்குவார்கள். மாமா நூறு மீட்டர் ஓடுவார். பல வருடம் ஓடியவர் ஒரே ஒரு வருடம் முதலாவதாக வந்தார். பரிசு ஒரு தெர்மோஸ் போத்தல். அந்த வருடத்துக்கு முன்னும் பின்னும் பக்கத்துத் தோட்டத்து ஆள் ஒருவர்தான் எப்போதும் ஜெயிப்பார், மாமா இரண்டாவதோ மூன்றாவதோ. ஜெயித்த அந்த ஒரு வருடம் மட்டும் அந்த ஆள் கால் பிசகி நான்காவதாக வந்தார். இதையெல்லாம் சொன்னது மாமா இல்லை, அத்தை. கூட்டிக் கணக்குப் பார்த்தால் அந்த ஆள்தான் பெரிய ஓட்டக்காரர், மாமாவுக்கும் அது தெரியும். ஆனால் ஊரில் இன்றைக்கும் வயதான ஒருவர் மாமாவைப் பார்த்தால் அந்த ஓட்டத்தைத்தான் பேசுகிறார். பக்கத்துத் தோட்டத்துக்காரர் பெயர் யாருக்கும் ஞாபகம் இல்லை. ஆக, மாமா ஒலிம்பிக் பக்கம் நின்று வாதாடும்போது தெர்மோஸ் போத்தலையும் சேர்த்துத்தான் காப்பாற்றுகிறார். நானும் யோக்கியன் இல்லை, கூட்டல் போட்டுப் பிழைக்கிற நான் கூட்டலை விட்டுக்கொடுப்பேனா?

இது தெரிந்த பிறகு சண்டையில் எனக்குக் கொஞ்சம் இளக்கம் வந்தது. டான் ஜான்சன் கதையை எடுத்தபோது அது நன்றாகத் தெரிந்தது. 1988-ல் அமெரிக்காவின் ஜான்சன் ஸ்பிரிண்ட் உலகப் பட்டம் வாங்கிவிட்டு கால்கரி ஒலிம்பிக்குக்குப் போகிறார். 500 மீட்டர் அன்று காலை அக்கா ஜேன் ரத்தப் புற்றுநோயில் இறந்துபோகிறார். மாலையில் ஓடி முதல் வளைவில் விழுகிறார். சில நாள் கழித்து 1000 மீட்டரிலும் விழுகிறார். 1994 ஜனவரியில் மறுபடியும் ஸ்பிரிண்ட் பட்டம், அந்தப் போட்டியிலேயே 500 மீட்டரில் 35.76 என்ற உலகச் சாதனை. லில்லஹாமருக்குப் போனால் 500 மீட்டரில் கால் நழுவி எட்டாவது. கடைசியாக 1000 மீட்டர், 1 நிமிடம் 12.43 நொடி, உலகச் சாதனை, தங்கம். உலகமே அழுதது. மாமாவும் கண்ணைத் துடைத்துக்கொண்டார், மறைக்கத் தெரியாது அவருக்கு.

“இப்ப சொல்லு, ஒரு நாள் தங்கத்துக்கு மதிப்பு இல்லையா?” என்றார். இருக்கிறது. ஆனால் அந்த ஓட்டத்தில் இரண்டாவதாக வந்தது யார் என்று கேட்டேன். 1 நிமிடம் 12.72 நொடி, ஜெலெஸோவ்ஸ்கி. முப்பது வயது, ஆறு உலகப் பட்டம், தங்கத்துக்கும் அவருக்கும் நடுவே 0.29 நொடி. அன்றைக்கு அவர் அக்காவை இழந்தவர் இல்லை, அதனால் கேமரா அவர் பக்கம் திரும்பவில்லை. மாமா பதில் சொல்லவில்லை. “ஜெல்லாஸ்கியும் அங்கதான் இருந்தானா” என்று மட்டும் கேட்டார்.

இரண்டும் ஒருசேர அமைந்த ஆட்களும் உண்டு. அமெரிக்காவின் எரிக் ஹைடன் 1977 முதல் 80 வரை வரிசையாக நான்கு ஸ்பிரிண்ட் பட்டம், அப்புறம் 1980 லேக் பிளாசிட் ஒலிம்பிக்கில் 500-லிருந்து 10,000 மீட்டர் வரை ஐந்து தங்கம். அவரைப் பற்றி நாங்கள் சண்டை போடுவதே இல்லை, போட ஒன்றும் இல்லை. 2006-ல் ஜோயி சீக் ஸ்பிரிண்ட் பட்டமும் ஒலிம்பிக் 500 தங்கமும் வாங்கி, பரிசுப் பணத்தை அகதிக் குழந்தைகளுக்குக் கொடுத்தார். நெதர்லாந்தின் மிஷெல் முல்டர் 2013, 2014 பட்டங்களோடு சோச்சியின் 500 தங்கத்தையும் வாங்கினார், அதுவும் யான் ஸ்மேகன்ஸை நூறில் ஒரு நொடி வித்தியாசத்தில் முந்தி. நூறில் ஒரு நொடி என்றால் மாமாவுக்குச் சிரிப்பு வரும். சுண்ணாம்புக் கோட்டில் கயிறு பிடித்தவனுக்கு அது கண்ணில் பட்டிருக்குமா?

லீ அதே சோச்சிக்கும் வந்தார், ஆறாவது ஒலிம்பிக். தொடக்க விழாவில் கொரியக் கொடியை ஏந்தியவர் அவர்தான். அதற்குள் 2011 பட்டமும் சேர்ந்து நான்கு ஆகியிருந்தது. 1000 மீட்டரில் இருபத்தொன்றாவது. ஒலிம்பிக் பதக்கம் இல்லாமலே முடித்துக்கொண்டார். அன்றிரவு மாமா என்னைக் கிண்டல் செய்வார் என்று எதிர்பார்த்தேன். “ஆறு தடவ வந்திருக்கான்டா” என்றார், அவ்வளவுதான்.

2021 பிப்ரவரியில் ஜெலெஸோவ்ஸ்கி கோவிட்டில் இறந்துபோனார், ஐம்பத்தேழு வயது. இங்கே நடமாட்டக் கட்டுப்பாடு இருந்ததால் மாமாவுக்குப் போனில்தான் சொன்னேன். இப்போதெல்லாம் ஸ்பிரிண்ட் சாம்பியன்ஷிப்பை வருடா வருடம் நடத்துவதில்லை. 2022, 2024 என்று ஒன்றுவிட்ட வருடம்தான். 2022-ல் நெதர்லாந்தின் தாமஸ் குரோல், 2024-ல் சீனாவின் நிங் சோங்யான். வழக்கு கொஞ்சம் ஆறிக் கிடக்கிற நேரத்தில் இதை மாமாவிடம் சொல்லிவைத்தேன். அவர் விரலை மடக்கி ஏதோ எண்ணினார். “அப்ப ஆறு வாங்கணும்னா குறைஞ்சது பத்துப் பதினோரு வருசம் ஒருத்தன் மொதலாவே இருக்கணும். ஜெல்லாஸ்கிய இனிமே எவனும் தொட மாட்டான்” என்றார். கிராணிக் கணக்கு போடுகிறீர்களே மாமா என்றேன். “போடா” என்று சொல்லிவிட்டு, ஹைடன் அத்தனை சீக்கிரம் ஓட்டத்தை விட்டுப் போகாமல் இருந்திருந்தால் எத்தனை வாங்கியிருப்பான் என்று அடுத்த வழக்கைத் தொடங்கினார்.